குழந்தையின் மனம் எப்படி உருவாகிறது? பரிணாமம், பண்பாடு, குழந்தைப் பருவம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிள்ளை வளர்ப்பைப் பற்றிப் பேச்சு வந்தால் சீக்கிரமே இரண்டு கட்சி பிரிந்துவிடும். "தாயைப் போல பிள்ளை, நூலைப் போல சேலை" என்று ஒரு கட்சி. "எல்லாம் வளர்க்கிற விதத்தில் இருக்கிறது" என்று இன்னொரு கட்சி. வளர்ச்சி உளவியலைப் பல காலமாக வாசித்துவருவதால், பெற்றோர்களும் ஆசிரியர்களும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். சிலவற்றுக்குப் பதில் நீளம், சிலவற்றுக்கு நாலு வரி போதும்.

குணம் பிறவியிலேயே வருவதா, வளர்ப்பில் வருவதா?

"இரண்டும்தான்" என்று சொன்னால் நழுவுவதுபோல் இருக்கும். அதனால் ஒரு சோதனையைச் சொல்கிறேன். 1980களில் சூசன் மினேகா, மைக்கேல் குக் ஆகியோர் ரீசஸ் குரங்குகளை வைத்துச் செய்தது. காட்டில் வளர்ந்த குரங்கு பாம்பைக் கண்டால் மிரண்டுபோகும். ஆய்வுக்கூடத்திலேயே பிறந்து வளர்ந்த குரங்குக்கு அந்தப் பயம் இல்லை. பாம்புக்கு அந்தப் பக்கம் தின்பண்டம் வைத்தால் பாம்பைத் தாண்டிக் கையை நீட்டி எடுத்துக்கொள்ளும். ஆக, பாம்புப் பயம் அப்படியே பிறவியில் வந்துவிடவில்லை.

அப்புறம் ஆய்வுக்கூடக் குரங்குகளுக்கு ஒரு வீடியோ காட்டினார்கள். அதில் வேறொரு குரங்கு பாம்பைப் பார்த்து நடுங்குகிறது. அதைப் பார்த்த குரங்குகளும் அன்றிலிருந்து பாம்புக்குப் பயந்தன. அடுத்து, வீடியோவில் பாம்பை எடுத்துவிட்டு அந்த இடத்தில் பூவை ஒட்டினார்கள். நடுங்குகிற குரங்கு அதேதான், நடுக்கமும் அதேதான். ஆனால் பார்த்த குரங்குகள் பூவுக்குப் பயப்படக் கற்றுக்கொள்ளவே இல்லை.

பயத்தைக் கற்றது பார்த்துத்தான். ஆனால் எதற்குப் பயப்படச் சுலபமாகக் கற்கலாம் என்பது பல லட்சம் ஆண்டுகளில் அமைந்த ஏற்பாடு. கற்றுக்கொடுத்ததோ இன்னொரு குரங்கின் முகம். பிறவி, பழக்கம், கூட்டம் மூன்றும் இந்த ஒரே பயத்துக்குள் இருக்கின்றன. மனிதக் குழந்தையின் மனதிலும் எதைத் தொட்டாலும் இந்த மூன்றும் இப்படித்தான் பின்னிக் கிடக்கின்றன. இது எத்தனை சதவீதம், அது எத்தனை சதவீதம் என்று பிரித்துக் கேட்பதைவிட, ஒன்று எப்படி இன்னொன்றைப் பிடித்துக்கொள்கிறது என்று கேட்பதுதான் பயன் தரும்.

ஆனால் "குணத்தில் பாதி மரபணு" என்று படித்தேனே?

அது 2015இல் வந்த ஒரு பெரிய தொகுப்பாய்வு. ஐம்பது ஆண்டுகளில் இரட்டையர்களைப் பற்றி வெளியான 2,748 ஆய்வுகளைத் திரட்டினார்கள். உடல், மனம் என எல்லாவிதக் கூறுகளுக்கும் சேர்த்துச் சராசரி 49 சதவீதம் என்று வந்தது.

அந்த எண்ணைப் பலர் தப்பாகப் புரிந்துகொள்கிறார்கள். உங்கள் மகளின் கூச்சத்தில் பாதி மரபணு, பாதி வீடு என்று அதற்குப் பொருள் இல்லை. ஒரு கூட்டத்தில் ஆளுக்கு ஆள் தெரியும் வேறுபாட்டில் எவ்வளவு மரபணு வேறுபாட்டோடு சேர்ந்து போகிறது என்பதுதான் அது. எல்லாக் குழந்தைகளுக்கும் ஒரே மாதிரி நல்ல சாப்பாடும் பள்ளியும் அன்பும் கிடைத்துவிட்டால் சூழலால் வருகிற வேறுபாடு குறையும். உடனே மரபணுவின் சதவீதம் ஏறும். மரபணு எதுவும் மாறியிருக்காது. ஆகவே சூழல் எவ்வளவு முக்கியம் என்பதை இந்த எண்ணை வைத்து அளக்க முடியாது.

மனிதக் குழந்தை ஏன் இவ்வளவு கையாலாகாமல் பிறக்கிறது?

பிறக்கும்போது அதன் மூளை, வளர்ந்தவரின் மூளையில் ஏறத்தாழ 30 சதவீதம்தான். சிம்பன்சிக் குட்டிக்கு இது 40 சதவீதம். மீதி வளர்ச்சி முழுவதும் வெளியே, முகங்களுக்கும் குரல்களுக்கும் நடுவே நடக்கிறது. ஆறு வயதில் மூளையின் அளவு 90 சதவீதத்தை எட்டிவிடும்.

இதற்கு ஆகும் செலவைப் பாருங்கள். வளர்ந்தவரின் மூளை உடலின் சக்தியில் ஐந்தில் ஒரு பங்கை எடுத்துக்கொள்கிறது. ஐந்து வயதுக் குழந்தையின் மூளை 43 சதவீதத்தை எடுத்துக்கொள்கிறது. அந்த வயதில் உடல் மெதுவாக வளர்வதற்கு இதுவே காரணமாக இருக்கலாம் என்று கிறிஸ்டோபர் குசாவாவின் குழு 2014இல் காட்டியது. எடை ஏறவில்லையே என்று பெற்றோர் கவலைப்படும் அதே வயதில் உள்ளே மூளைக்குத்தான் விருந்து நடக்கிறது.

இவ்வளவு செலவு செய்து பாதி கட்டிய மூளையோடு பிறப்பதில் ஆதாயம் உண்டு. எந்த ஊரில், எந்த மொழியில், எந்த மாதிரி மனிதர்களோடு வாழப்போகிறோம் என்பது கருவுக்குத் தெரியாது. வந்து பார்த்துக் கட்டிக்கொள்ளலாம்.

எப்போதும் தூக்கி வைத்துக்கொண்டால் குழந்தை கெட்டுப்போகாதா?

இருபதாம் நூற்றாண்டின் முதல் பாதியில் நிபுணர்களே அப்படித்தான் சொன்னார்கள். பால் கொடுப்பதால்தான் குழந்தை தாயை நாடுகிறது, கொஞ்சல் அதிகமானால் பலவீனமாகும் என்று நினைத்தார்கள். 1958இல் ஹாரி ஹார்லோ வெளியிட்ட குரங்குச் சோதனை அதை உடைத்தது. தாயிடமிருந்து பிரித்த குட்டிகளுக்கு இரண்டு பொம்மைத் தாய்கள்: ஒன்று வெறும் கம்பி, அதில் பால் புட்டி, இன்னொன்றில் மென்மையான துணி, பால் கிடையாது. குட்டிகள் குடிக்கும் நேரம் மட்டும் கம்பிக்குப் போய்விட்டு, நாள் முழுக்கத் துணியைக் கட்டிக்கொண்டிருந்தன. அந்தக் குட்டிகளுக்கு நேர்ந்ததை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது. அப்படிப் பிரித்து வளர்த்தவை பெரிதானபின் மற்ற குரங்குகளோடு வாழவே தெரியாமல் திண்டாடின.

ஜான் பௌல்பி இதைப் பரிணாமத்தோடு இணைத்தார். கொடிய மிருகங்கள் திரிந்த உலகில் தனியாகக் கிடந்த குழந்தை பிழைத்திருக்காது. யாராவது அருகில் இருக்கிறார்களா என்று பார்த்துக்கொண்டே இருப்பது அதன் உயிர்காப்பு வேலை. அழுவது அடம் இல்லை, அழைப்பு. மேரி எயின்ஸ்வொர்த் 1950களில் உகாண்டாவில் தாய்களையும் குழந்தைகளையும் வீடு வீடாகப் போய்ப் பார்த்தபோது இன்னொன்றையும் கவனித்தார். தாய் இருக்கிறாள் என்ற நம்பிக்கை உள்ள குழந்தைதான் அவளை விட்டு நகர்ந்து போய் உலகத்தை ஆராய்கிறது. தூக்கினால் ஒட்டிக்கொள்ளும் என்ற பயத்துக்கு நேர் எதிரான விஷயம் இது.

அப்படியானால் ஒரு நிமிஷம் தவறாமல் தாய் கூடவே இருக்க வேண்டுமா?

இல்லை. இந்த ஆய்வுகளையெல்லாம் காட்டித் தாய்மார்களின் தலையில் குற்றவுணர்வை ஏற்றிவைத்ததுதான் இந்தத் துறைக்கு நேர்ந்த பெரிய அநியாயம் என்பது என் கருத்து.

மானிடவியலாளர் சாரா ஹர்டி கேட்ட கேள்வியை எடுத்துக்கொள்ளுங்கள். சிம்பன்சித் தாய் குட்டியை நான்கைந்து வருஷம் பால் கொடுத்துத் தனியாக வளர்க்கிறது. அதற்குப் பிறகுதான் அடுத்த குட்டி. மனிதத் தாய்க்கு அதற்கு முன்பே அடுத்த குழந்தை பிறந்துவிடுகிறது. மூத்ததும் இன்னும் தன் சாப்பாட்டைத் தானே தேடிக்கொள்ளும் நிலையில் இல்லை. ஒருத்தியால் இதைச் சமாளிக்கவே முடியாது. அப்படியும் மனித இனம் பெருகியிருக்கிறது என்றால் ஆரம்பத்திலிருந்தே பலர் சேர்ந்து வளர்த்திருக்க வேண்டும்.

இன்றைய வேட்டைச் சமூகங்களில் இதைக் கண்ணால் பார்க்கலாம். தான்சானியாவின் ஹட்சா மக்களிடையே கிழங்கு தோண்டி வந்து பேரப்பிள்ளைகளின் வயிற்றை நிரப்புவது பாட்டிகள் என்று கிறிஸ்டன் ஹாக்ஸ் பதிவுசெய்தார். மத்திய ஆப்பிரிக்காவின் ஆகா மக்களில் தகப்பன்மார் நாளின் ஏறத்தாழப் பாதி நேரம் குழந்தைக்குக் கைக்கெட்டும் தூரத்திலேயே இருக்கிறார்கள். அப்பா, பாட்டி, தாத்தா, அத்தை, மூத்த பிள்ளை, பக்கத்து வீட்டுக்காரர் எல்லோரும் குழந்தையின் மனம் எதிர்பார்த்து வந்த ஆட்கள்தான். மாறாத சில முகங்கள் வேண்டும், அவை கூப்பிட்ட குரலுக்கு வர வேண்டும். அது ஒரே முகமாக இருந்தாக வேண்டும் என்று இயற்கை எங்கும் எழுதிவைக்கவில்லை.

ஒரு வீட்டில் ஒருத்தி மட்டும் நான்கு சுவருக்குள் கைக்குழந்தையோடு நாள் முழுக்கத் தனியாக இருப்பதுதான், மனித வரலாற்றை எடுத்துப்பார்த்தால், புதிய வழக்கம். அவள் களைத்துப்போவதில் அவளுடைய குறை எதுவும் இல்லை.

பண்பாடு குழந்தையின் மனதுக்குள் எப்போது நுழைகிறது?

பேசுவதற்கு முன்பே. 1984இல் ஜேனட் வெர்க்கர், ரிச்சர்ட் டீஸ் இருவரும் ஆங்கிலம் பேசும் வீட்டுக் குழந்தைகளுக்கு இந்தியில் உள்ள 'த', 'ட' போன்ற ஒலிகளைக் கேட்கவைத்தார்கள். ஆங்கிலத்துக்கு அந்த வேறுபாடு தேவையில்லை. ஆறேழு மாதக் குழந்தைகள் இரண்டையும் பிரித்துக் கேட்டன. அதே வேறுபாடு பத்து, பன்னிரண்டு மாதக் குழந்தைகளில் பெரும்பாலானவற்றின் காதில் விழவில்லை. எல்லா மொழிக்கும் தயாராக வந்த காது, ஒரு வயதுக்குள் சுற்றியிருப்பவர்களின் மொழிக்குக் குடியேறிவிடுகிறது.

அடுத்தது பார்த்துச் செய்வது. விக்டோரியா ஹார்னரும் ஆண்ட்ரூ வைட்டனும் ஒரு பெட்டியைத் திறந்து காட்டினார்கள். நடுவில் தேவையே இல்லாத சில தட்டல்களையும் சேர்த்துக்கொண்டார்கள். பெட்டி கண்ணாடிபோல் உள்ளே தெரிந்தபோது, சிம்பன்சிகள் வீண் வேலையை விட்டுவிட்டு நேராகப் பரிசை எடுத்தன. மூன்று, நான்கு வயதுக் குழந்தைகளோ தட்டல் உட்பட அப்படியே செய்தன. குழந்தை புத்தி குறைந்தது என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. பெரியவர்கள் செய்வதற்கு ஏதோ காரணம் இருக்கும், அது எனக்குப் பிறகு புரியும் என்ற நம்பிக்கை அதில் இருக்கிறது. ஒருவர் தன் வாழ்நாளில் கண்டுபிடிக்க முடியாத சமையலும் மருந்தும் கருவிகளும் தலைமுறை தாண்டி வந்தது அந்த நம்பிக்கையில் ஏறித்தான். நல்லதோடு கெட்டதும் அதே வண்டியில் ஏறி வரும் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

நினைவுகூடப் பண்பாட்டின் கைபட்டதுதான். பெரியவர்களிடம் முதல் நினைவைக் கேட்டால் பொதுவாக மூன்று, மூன்றரை வயதில் நடந்ததைச் சொல்வார்கள். பழைய கதைகளையும் வம்ச வரலாற்றையும் பெரிதாக மதிக்கும் நியூசிலாந்தின் மாவோரி மக்களிடம் கேட்டபோது அது மூன்று வயதுக்கும் முன்னால் போனது. "நேற்று என்ன நடந்தது, அப்புறம் நீ என்ன சொன்னாய்" என்று பிள்ளையோடு விலாவாரியாகப் பேசும் வீடுகளில் நினைவுகள் கெட்டிப்படுகின்றன.

பண்பாடு மரபணுவையே மாற்றிவிடுமா?

தலைமுறைகள் கடந்தால், ஆம். நன்றாகத் தெரிந்த எடுத்துக்காட்டு பால். கால்நடை வளர்க்கத் தொடங்கிய சமூகங்களில், பெரியவனானபின்பும் பாலைச் செரிக்க உதவும் மரபணு மாற்றம் கடந்த பத்தாயிரம் ஆண்டுகளுக்குள் பரவியது. உலகின் பெரியவர்களில் பெரும்பாலோருக்கு இன்றும் அந்தத் திறன் முழுதாக இல்லை.

என் குழந்தை இன்னும் நடக்கவில்லை. பின்தங்கிவிட்டதா?

எந்த மாதத்தில் என்ன செய்யும் என்று சொல்லும் வளர்ச்சிப் பட்டியல் எல்லா இடத்துக்கும் பொருந்தாது. கென்யாவின் கிப்சிகிஸ் மக்கள் உட்காரவும் நடக்கவும் குழந்தைக்குப் பயிற்சியே கொடுக்கிறார்கள், அங்கே சீக்கிரம் நடக்கும். பராகுவேயின் அச்சே மக்கள் காட்டில் குழந்தையைக் கீழே விட மாட்டார்கள், அங்கே நடப்பதற்கு ஏறத்தாழ இரண்டு வயதாகிவிடும். வளர்ந்தபின் அவர்கள் மரம் ஏறுவதில் கெட்டிக்காரர்கள். ஆனாலும் வந்த திறமை போய்விட்டால், கூப்பிட்டால் திரும்பவே இல்லை என்றால், தாமதிக்காமல் மருத்துவரிடம் காட்டுங்கள்.

மார்ஷ்மெல்லோவைச் சாப்பிடாமல் காத்திருக்கும் குழந்தைதான் வாழ்க்கையில் ஜெயிக்குமா?

வால்டர் மிஷெலின் சோதனையைக் கேட்கிறீர்கள். மேசையில் ஒரு மிட்டாய். உடனே எடுத்தால் ஒன்று, பெரியவர் திரும்பி வரும்வரை பொறுத்தால் இரண்டு. பொறுத்த பிள்ளைகள் பின்னாளில் படிப்பில் நன்றாக வந்தார்கள் என்ற செய்தி உலகமெல்லாம் பரவியது. 2018இல் இன்னும் அதிகக் குழந்தைகளை வைத்துப் பார்த்தபோது, குடும்ப வசதியையும் தாயின் படிப்பையும் கணக்கில் எடுத்ததும் அந்தத் தொடர்பு வெகுவாகச் சுருங்கியது.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது செலெஸ்ட் கிட் 2013இல் வெளியிட்ட சோதனை. மிட்டாய்க்கு முன்னால், குழந்தையிடம் பழைய கிரேயான்களைக் கொடுத்து, "கொஞ்சம் பொறு, இதைவிட நல்லதைக் கொண்டுவருகிறேன்" என்று ஒருவர் வெளியே போகிறார். பாதிக் குழந்தைகளுக்குச் சொன்னபடி கொண்டுவருகிறார். மீதிப் பேரிடம் வெறுங்கையோடு வந்து, "மன்னித்துக்கொள், இல்லையாம்" என்கிறார். ஸ்டிக்கரை வைத்து மறுபடி ஒருமுறை இதே மாதிரி. அப்புறம்தான் மிட்டாய். வாக்கு காப்பாற்றப்பட்ட குழந்தைகள் சராசரியாகப் பன்னிரண்டு நிமிடம் காத்திருந்தன. ஏமாந்த குழந்தைகள் மூன்று நிமிடம். ஏமாந்த பதினான்கு பேரில் கடைசிவரை பொறுத்தது ஒரே ஒரு பிள்ளை.

சொன்ன சொல்லை யாரும் காப்பாற்றாத இடத்தில் கிடைத்ததை உடனே வாயில் போட்டுக்கொள்வது புத்திசாலித்தனம். அதை அடக்கமின்மை என்று பெயர் வைத்துப் பிள்ளையைத் திட்டுகிறோம்.

பண்பாடும் இங்கே விளையாடுகிறது. கேமரூனின் நிசோ விவசாயக் குடும்பங்களின் நான்கு வயதுப் பிள்ளைகளில் ஏறத்தாழ 70 சதவீதம் பேர் முழு நேரமும் காத்திருந்தார்கள். ஜெர்மனியின் நடுத்தரக் குடும்பப் பிள்ளைகளில் 28 சதவீதம். ஜப்பானியப் பிள்ளைகள் சாப்பாட்டுக்கு நெடுநேரம் பொறுத்தார்கள், சுற்றிவைத்த பரிசுப் பொட்டலத்துக்குப் பொறுக்கவில்லை. அமெரிக்கப் பிள்ளைகள் நேர் எதிர். எதற்குக் காத்திருந்து பழகினார்களோ அதற்குக் காத்திருக்கிறார்கள்.

எங்கள் பண்பாட்டில் அடித்து வளர்ப்பது சகஜம். அது பாதிக்காதுதானே?

ஜெனிஃபர் லான்ஸ்ஃபோர்டும் உடன் ஆய்வாளர்களும் 2005இல் சீனா, இந்தியா, இத்தாலி, கென்யா, பிலிப்பைன்ஸ், தாய்லாந்து என ஆறு நாடுகளில் இதைத்தான் கேட்டார்கள். அடி சகஜம் என்று எண்ணும் இடத்தில் பாதிப்பு ஓரளவு குறைவாகத் தெரிந்தது. "என்னை மட்டும் வெறுக்கிறார்கள்" என்று பிள்ளை எடுத்துக்கொள்ளாதது காரணமாக இருக்கலாம். ஆனால் அங்கேயும் அதிகம் அடிபட்ட பிள்ளைகளிடம்தான் பதற்றமும் முரட்டுத்தனமும் அதிகம் இருந்தது. வழக்கம் வலியைக் கொஞ்சம் மழுக்கும், இல்லாமல் ஆக்காது. என் கருத்தைக் கேட்டால், அடிக்க வேண்டாம்.

"ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா?" முதல் சில ஆண்டுகள் தவறிவிட்டால் அவ்வளவுதானா?

இதற்கு மிகக் கொடுமையான சான்று ருமேனியாவிலிருந்து வந்தது. 1966இல் சௌசெஸ்கு அரசு கருக்கலைப்பைத் தடைசெய்தது. வளர்க்க வழியில்லாத குழந்தைகள் அரசு விடுதிகளில் குவிந்தார்கள். 1989இல் ஆட்சி கவிழ்ந்தபோது உள்ளே போனவர்கள் கண்டது, வரிசையாகக் கட்டில்கள், தூக்க ஆளில்லாத குழந்தைகள், தங்களைத் தாங்களே ஆட்டிக்கொண்டிருந்த உடல்கள்.

அவர்களில் இங்கிலாந்தில் தத்துக்குப் போனவர்களை மைக்கேல் ரட்டரின் குழு பெரியவர்களாகும்வரை தொடர்ந்தது. ஆறு மாதத்துக்குள் விடுதியிலிருந்து வெளியேறியவர்கள் பெரும்பாலும் மற்றப் பிள்ளைகளைப்போலவே வளர்ந்தார்கள். அதற்குமேல் இருந்தவர்களில் பலருக்குக் கவனமின்மையும் பழகுவதில் சிரமமும் பெரியவர்களானபின்பும் தொடர்ந்தன. 2000இல் புக்கரெஸ்ட் நகரில் தொடங்கிய இன்னொரு ஆய்வில் 136 விடுதிக் குழந்தைகளில் பாதிப் பேரைக் குலுக்கல் முறையில் வளர்ப்புக் குடும்பங்களில் சேர்த்தார்கள். குடும்பத்துக்குப் போனவர்கள் பல வகையில் தேறினார்கள், சிலவற்றில் இரண்டு வயதுக்கு முன் போனவர்கள் இன்னும் நன்றாக. ஆக, காலம் முக்கியம்தான்.

ஆனால் கதவு சாத்திக்கொள்கிறது என்று சொல்ல மாட்டேன். ஆறு மாதத்துக்குமேல் விடுதியில் கிடந்தவர்களிலும் ஐந்தில் ஒருவருக்குப் பின்னாளில் எந்தப் பெரிய சிக்கலும் இல்லை. ஹவாயின் கவாய் தீவில் 1955இல் பிறந்த 698 குழந்தைகளை எம்மி வெர்னர் நாற்பது வயதுவரை தொடர்ந்தார். வறுமை, குடி, மனநோய் என்று எல்லா அடியும் வாங்கிய பிள்ளைகளில் மூன்றில் ஒரு பங்கினர் நல்ல மனிதர்களாக, நம்பிக்கையோடு வளர்ந்து நின்றார்கள். அவர்களின் கதைகளில் திரும்பத் திரும்ப வந்தது, பெற்றோர் கைவிட்டபோதும் பிடித்துக்கொண்ட ஒருவர்: தாத்தா பாட்டியோ, ஆசிரியரோ, அக்கம்பக்கத்தவரோ. பதின்வயதில் தடம் புரண்டவர்களில் பலரும் முப்பது நாற்பதுகளில் மீண்டிருந்தார்கள். நல்ல துணையும் வேலையும் படிப்பைத் தொடரக் கிடைத்த வாய்ப்பும் கைகொடுத்தன. ஐம்பதில் வளைப்பது கஷ்டம், ஆனால் முடியும்.

ஒரே வீட்டில் வளர்ந்த இரண்டு பிள்ளைகள் ஏன் இவ்வளவு வேறு?

பெற்றோருக்கு அது ஒரே வீடு. பிள்ளைகளுக்கு அப்படி இல்லை. மூத்ததற்குத் தம்பி உண்டு, தம்பிக்குத் தம்பி இல்லை. பிறவிச் சுபாவமும் உண்டு: ஜெரோம் கேகன் பார்த்த நான்கு மாதக் குழந்தைகளில் ஏறத்தாழ ஐந்தில் ஒன்று, புதிய சத்தத்துக்கும் பொம்மைக்கும் கைகாலை உதறி அழுதது. அவர்களில் பலர் கூச்ச சுபாவத்தோடு வளர்ந்தார்கள், எல்லோரும் அல்ல. அதே குரலில் அதட்டினாலும் ஒரு பிள்ளை சுருங்கும், இன்னொன்று துடைத்துவிட்டுப் போகும்.

என் குழந்தைப் பருவம் சரியாக இல்லை. அதையே என் பிள்ளைக்கும் கொடுத்துவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது.

இந்தக் கேள்வியைக் கேட்பவர்கள் பெரும்பாலும் கண்கலங்கிக் கேட்கிறார்கள். அதனால் நிதானமாகச் சொல்கிறேன்.

மேரி மெய்ன் பெரியவர்களிடம் அவர்களின் சிறுவயதைப் பற்றி விரிவாகக் கேட்கும் ஒரு நேர்காணலை உருவாக்கினார். என்ன நடந்தது என்பதைவிட, நடந்ததை எப்படிச் சொல்கிறார்கள் என்பதைத்தான் அது பார்க்கிறது. 1991இல் லண்டனில் கர்ப்பிணிகளிடம் இதைக் கேட்டுவிட்டு, பிறந்த குழந்தைகளை ஒரு வயதில் பார்த்தார்கள். குழந்தைக்குத் தாயிடம் பாதுகாப்பான பிணைப்பு இருக்குமா என்பதை நான்கில் மூன்று பங்கு சரியாகச் சொல்ல முடிந்தது. கஷ்டப்பட்ட சிறுவயதை மறைக்காமல், அதிலேயே மூழ்கிவிடாமல், கோர்வையாகச் சொல்ல முடிந்தவர்களின் குழந்தைகளும் நிம்மதியாகத்தான் இருந்தார்கள். உங்களுக்கு நடந்ததை நம்பகமான ஒருவரிடம், வேண்டுமானால் மனநல ஆலோசகரிடம், சொல்லிப் புரிந்துகொள்ளத் தொடங்குவதே பிள்ளைக்குச் செய்கிற காரியம்தான்.

தவறே செய்யக் கூடாது என்ற பாரத்தையும் இறக்கிவையுங்கள். எட்வர்ட் டிரானிக் தாய்களையும் குழந்தைகளையும் எதிரெதிரே உட்காரவைத்து நொடி நொடியாகப் பார்த்தார். நன்றாக இருக்கும் ஜோடிகள்கூட மூன்றில் ஒரு பங்கு நேரம்தான் ஒருவருக்கொருவர் இசைந்திருந்தார்கள். மீதி நேரமெல்லாம் தப்பிப்போவதும் திரும்பப் பிடிப்பதும்தான். பிறகு தாயிடம், இரண்டு நிமிடம் முகத்தில் எந்த அசைவும் காட்டாமல் இருக்கச் சொன்னார். குழந்தை முதலில் சிரித்துப் பார்க்கும். கையை நீட்டும். குரல் கொடுக்கும். எதுவும் பலிக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு குலைந்துபோகும். நேரம் முடிந்து தாய் பழையபடி முகம் மலர்ந்து குனியும்போது குழந்தை உடனே சிரித்துவிடாது. கொஞ்ச நேரம் சிணுங்கும், கண்ணை வேறு பக்கம் வைத்துக்கொள்ளும். அம்மா விடாமல் பேசுவாள். அப்புறம் மெல்லத் திரும்பி அவள் விரலைப் பிடிக்கும்.